பாய்லர் கிம் கதையைச் சொன்ன மனிதர்

வணக்கம்.

கொரிய சினிமா என்று பேச்சை ஆரம்பித்தால் இந்த அறையில் பாதிப் பேர் 'பாரசைட்' என்பீர்கள். மீதிப் பேர் ஏதாவது ஒரு தொடரின் கதாநாயகன் பெயரைச் சொல்வீர்கள். நான் பேச வந்திருப்பது இந்த இரண்டிலும் சேராத ஒரு குணச்சித்திர நடிகரைப் பற்றி. பெயர் பியோன் ஹீ-போங். பெயர் தெரியாவிட்டாலும் முகத்தைப் பார்த்தால் "அட, இவரா!" என்பீர்கள். 'தி ஹோஸ்ட்' படத்தில் ஹான் நதிக்கரையில் தின்பண்டக் கடை வைத்திருக்கிற அப்பா இவர்தான். 'ஓக்ஜா'வில் மலைமேல் பேத்தியோடும் ஒரு ராட்சதப் பன்றியோடும் குடியிருக்கிற தாத்தாவும் இவர்தான்.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். முப்பது வருடத்துக்கும் மேலாக யாரும் கண்டுகொள்ளாத நடிகர், அறுபதை நெருங்கும் வயதில் போங் ஜூன்-ஹோ என்ற இளம் இயக்குநர் கண்ணில் பட்டார், வாழ்வு வந்தது என்று. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. போங் யாரையும் கண்டுபிடிக்கவில்லை. சின்ன வயதில் டிவியில் பார்த்ததை மறக்காமல் வைத்திருந்தார், அவ்வளவுதான். அந்தச் சிறுவன் பார்க்கும்படியாக இவர் அத்தனை வருடமும் திரையில் இருந்தார் என்பதை யாரும் பேசுவதில்லை. அதைப் பேசலாம் என்று நினைக்கிறேன்.

பிறந்தது 1942 ஜூனில், தென் ஜொல்லா மாகாணத்தில் உள்ள ஜாங்சாங்கில். குவாங்ஜு நகரத்துக்குப் பக்கத்து ஊர். இயற்பெயர் பியோன் இன்-சோல். அப்போது கொரியா ஜப்பானியர் ஆட்சியில் இருந்தது. இவருக்கு எட்டு வயது நிரம்பிய மாதத்தில் கொரியப் போர் தொடங்கியது. அந்தத் தலைமுறைக்கே சொந்தமான பிள்ளைப் பருவம் அது, தனியாக விவரிக்கத் தேவையில்லை. ஆனால் ஜொல்லா என்ற அந்த வட்டாரத்தை மட்டும் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வேண்டியிருக்கும்.

சியோலுக்கு வந்து நாடக மேடை ஏறினார். அப்புறம் 1966-இல் எம்.பி.சி. ஒளிபரப்பு நிறுவனம் தேர்வு வைத்து எடுத்த குரல் நடிகர்களில் ஒருவராகச் சேர்ந்தார். இந்த முறையைக் கொஞ்சம் விளக்க வேண்டும். கொரியாவில் அந்தக் காலத்தில் ஒளிபரப்பு நிறுவனங்கள் அரசு வேலைக்கு ஆள் எடுப்பதுபோல் அறிவிப்புக் கொடுத்து, தேர்வு நடத்தி, அணி அணியாக நடிகர்களை எடுப்பார்கள். முதல் அணி, இரண்டாம் அணி என்று கணக்கு உண்டு. எந்த அணியில் வந்தார் என்பது ஒரு நடிகரோடு வாழ்நாள் முழுக்க ஒட்டிக்கொண்டிருக்கும். சீனியர் ஜூனியர் மரியாதை எல்லாம் அதை வைத்துத்தான். எம்.பி.சி. அப்போது வானொலி மட்டும்தான். அதன் தொலைக்காட்சி 1969 ஆகஸ்டில்தான் வந்தது. ஆக, இந்த மனிதர் தொழிலுக்கு வந்தபோது முகம் தேவைப்படவே இல்லை. மைக்குக்கு முன்னால் நின்று, குரலை மட்டும் வைத்துக்கொண்டு, கிழவனாகவும் குடிகாரனாகவும் போலீஸாகவும் மாற வேண்டும். வீட்டில் வானொலி கேட்கிறவன் மனதில் ஆளை உருவாக்குவது வசனத்தில் பாதி என்றால், மூச்சை எங்கே இழுக்கிறோம், எங்கே தயங்குகிறோம் என்பது மீதிப் பாதி. இந்தப் பயிற்சி அவரை விட்டுப் போகவே இல்லை. அதை அடையாளம் கண்டுகொண்டால் இவருடைய மற்ற வேலைகள் எல்லாம் புரிந்துவிடும்.

தொலைக்காட்சி வந்ததும் இவரும் அதற்குள் வந்தார். 1971-இல் 'சூசாபான்ஜாங்' என்று ஒரு தொடர் தொடங்கியது. தலைமைத் துப்பறிவாளர் என்று வைத்துக்கொள்ளுங்கள். 1989 வரை ஓடிய தொடர் அது. சோய் புல்-அம் என்ற நடிகர்தான் அந்தத் தலைமைத் துப்பறிவாளர். ஒவ்வொரு வாரமும் ஒரு குற்றம், ஒரு குற்றவாளி. அந்தக் குற்றவாளி நாற்காலியில் அடிக்கடி உட்கார்ந்தவர்களில் ஒருவர் பியோன். இன்னொரு தொடர் '113 விசாரணைத் தலைமையகம்'. வடகொரிய உளவாளிகளைப் பிடிக்கிற கதை. அதில் உளவாளி. திருடன், மோசடிக்காரன், உளவாளி, துரோகி என்று வருடக்கணக்கில் போனது. முகவெட்டும் அதற்குத் தோதாக இருந்தது. ஒடுங்கிய கன்னம், கூரான பார்வை. போதாததற்கு ஜொல்லா ஊர்க்காரர். அந்தக் காலத்துக் கொரியத் தொடர்களில் அடியாள், திருடன், வீட்டு வேலைக்காரி என்றால் ஜொல்லா வழக்கில் பேசவைப்பது சர்வசாதாரணம். அந்த மாகாணத்து மக்களுக்கு இன்றைக்கும் இதில் வருத்தம் உண்டு, நியாயமான வருத்தம்.

ஒரு வாரத்துக்கு ஒரு குற்றவாளி என்றால் நடிகருக்கு என்ன வேலை என்று யோசித்துப் பாருங்கள். கதாநாயகனுக்குப் பதினெட்டு வருடம் இருக்கிறது, மெதுவாக நமக்குப் பழக்கமாகலாம். குற்றவாளிக்கு இருப்பது ஒரு மணி நேரத்தில் ஒரு பங்கு. அதற்குள் இவன் யார், ஏன் இப்படி ஆனான், இவனுக்கு வீட்டில் யார் காத்திருக்கிறார்கள் என்பதெல்லாம் தெரிந்துவிட வேண்டும், அதுவும் யாரும் சொல்லாமல். அடுத்த வாரம் அதே முகத்தோடு வேறொரு ஆளாக வர வேண்டும். நம்மில் யாரும் இதை நடிப்புக் கல்லூரி என்று சொல்ல மாட்டோம். எனக்கு இதைவிடக் கடுமையான கல்லூரி தெரியவில்லை.

தொலைக்காட்சியில் அவருக்குக் கிடைத்த பெரிய பெயர் 1984-85-இல் வந்தது. எம்.பி.சி. எடுத்த 'ஜோசன் வம்சம் 500 ஆண்டுகள்' என்ற நீண்ட சரித்திர வரிசையில் 'சொல்ஜுங்மே' ஒரு பகுதி. அதில் இவர் யூ ஜா-குவாங்.

இந்த யூ ஜா-குவாங் யார் என்று தெரிந்தால்தான் சுவாரசியம். 15-ஆம் நூற்றாண்டு ஆள், 1439-இல் பிறந்தவர். அப்பா பிரபு, அம்மா மணம் முடித்த மனைவி இல்லை. ஜோசன் சட்டப்படி அப்படிப் பிறந்த மகனுக்கு உயர் பதவிக் கதவு மூடித்தான் இருக்கும். இவர் அந்தக் கதவைத் தட்டவில்லை, சுவரேறிக் குதித்தார். 1467-இல் நடந்த ஒரு கலகத்தை அடக்கும் போரில் பெயர் வாங்கினார். அடுத்த வருடமே நாம் யீ என்ற இளம் தளபதி ராஜத்துரோகம் செய்கிறார் என்று கோள் சொன்னார். நாம் யீ கொல்லப்பட்டார். 1498-இல் அறிஞர்கள் கூட்டம் கூட்டமாகத் தண்டிக்கப்பட்ட களையெடுப்பிலும் இவர் கை இருந்தது. கொரியப் பள்ளிப் பாடத்தில் இவர் பெயர் சூழ்ச்சிக்கு இன்னொரு பெயர். கடைசியில் நாடு கடத்தப்பட்டு 1512-இல் செத்தார்.

இந்த ஆளை வெறும் வில்லனாக நடித்துவிட்டுப் போயிருக்கலாம், யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். பியோன் கையை நீட்டி, விரல்களை மடக்கி, எல்லாம் இந்தக் கைக்குள்தான் இருக்கிறது என்கிற அர்த்தத்தில் ஒரு வசனம் சொல்வார். நாடு முழுக்க அது பரவியது. தெருவில் பிள்ளைகள் சொன்னார்கள், நகைச்சுவை நடிகர்கள் பகடி செய்தார்கள். ஒன்றைக் கவனியுங்கள். பிறப்பால் எதுவுமே கைக்கு எட்டாதவன் சொல்கிற வசனம் அது. அதில் கர்வம் இருக்கிற அளவுக்குப் பசியும் இருந்தது. ராணுவப் புரட்சியில் ஆட்சியைப் பிடித்த சுன் டூ-ஹுவான் அதிபராக இருந்த வருடங்கள் அவை. அரண்மனைச் சதிகளை மக்கள் அவ்வளவு ரசித்துப் பார்த்ததற்கு அதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்பது என் ஊகம்.

இவ்வளவு பெயர் வாங்கியும் கதாநாயக வேடம் வரவில்லை. 1990-களில் தொடர்கள் இளைஞர்கள் பக்கம் திரும்பின. 1997 கடைசியில் ஆசிய நிதி நெருக்கடி வந்தது. கொரியாவில் அந்தக் காலத்தை, சர்வதேச நாணய நிதியத்தைக் குறிக்கும் 'ஐ.எம்.எஃப்.' என்ற மூன்றெழுத்தில்தான் இன்றும் சொல்கிறார்கள். "ஐ.எம்.எஃப்.-இல் அப்பாவுக்கு வேலை போனது" என்பார்கள். ஒளிபரப்பு நிறுவனங்கள் செலவைக் குறைத்தன, தொடர்கள் குறைந்தன. முதலில் கழற்றிவிடப்படுவது யார்? வயதான குணச்சித்திர நடிகர்கள். பியோன் மூட்டை கட்டிக்கொண்டு ஊருக்கே போய்விடலாம் என்று நினைத்திருந்த நேரம் அது.

அந்த நேரத்தில்தான் ஒரு போன். இன்னும் ஒரு முழுநீளப் படம்கூட எடுத்திராத இயக்குநர் ஒருவர், படத்தில் நடிக்க முடியுமா என்று கேட்கிறார். வேடம் என்ன? அடுக்குமாடிக் குடியிருப்பின் காவலாளி. நிலவறையில் யாருக்கும் தெரியாமல் நாய்க்கறி சமைக்கிறவர். பியோனுக்கு இஷ்டமில்லை. நேரில் சந்தித்தபோது அந்த இளைஞர் வேறு எதையும் பேசாமல், 'சூசாபான்ஜாங்'கில் நீங்கள் இப்படி வந்தீர்கள், அந்தத் தொடரில் இப்படிச் செய்தீர்கள் என்று பழைய வேடங்களை ஒவ்வொன்றாக ஒப்பிக்க ஆரம்பித்துவிட்டாராம். நடிகருக்கே மறந்துபோன வேடங்கள். பியோன் பின்னாளில் பேட்டிகளில் சொன்ன கதை இது. 1969-இல் பிறந்த போங் ஜூன்-ஹோ அந்தத் தொடர்களோடு வளர்ந்த பிள்ளை.

படம் 2000 பிப்ரவரியில் வந்தது. ஆங்கிலத்தில் 'பார்க்கிங் டாக்ஸ் நெவர் பைட்', குரைக்கிற நாய் கடிக்காது என்று அர்த்தம். வசூலில் படுதோல்வி. ஆனால் அதில் ஒரு காட்சி இருக்கிறது. காவலாளி நிலவறையில் நாய்க்கறிக்கு அடுப்பு மூட்டியிருக்கிறார். எதிரே குடியிருப்பு அலுவலக ஆள். கதாநாயகன் அங்கேயே ஓர் அலமாரிக்குள் ஒளிந்துகொண்டு நடுங்குகிறான். காவலாளி நிதானமாக ஒரு பேய்க்கதை சொல்லத் தொடங்குகிறார்.

கொரிய வீடுகளில் தரைக்கு அடியில் சுடுதண்ணீர் ஓடி வீட்டைச் சூடாக்கும். பெரிய குடியிருப்புகளில் அதற்கென்று நிலவறையில் பெரிய பாய்லர் இருக்கும். 1988 ஒலிம்பிக்ஸ் சமயத்தில் கட்டடங்கள் அவசர அவசரமாக எழும்பின. கதைப்படி இந்தக் குடியிருப்பும் அப்படி எழும்பியதுதான். பாய்லர் வேலை செய்யவில்லை. ஜொல்லாப் பக்கத்திலிருந்து பாய்லர் கிம் என்ற கைதேர்ந்த ஆளை வரவழைக்கிறார்கள். தொட்டுப் பார்த்தே கோளாறைச் சொல்லிவிடுகிற கை. அதோடு நிற்காமல், கட்டுமானப் பணத்தை யார் தின்றார்கள் என்றும் கேட்டுவிடுகிறார். கைகலப்பில் கிம் செத்துப்போகிறார். உடலைச் சுவருக்குள் வைத்து சிமெண்ட் பூசிவிடுகிறார்கள். இன்றைக்கும் ராத்திரியில் அந்தச் சுவரிலிருந்து பாய்லர் ரீங்காரம் மாதிரி ஒரு சத்தம், ஜொல்லா வழக்கின் இழுவையோடு.

படத்தின் கதைக்கும் இந்தக் கதைக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. வெட்டி எறிந்தாலும் படம் நிற்கும். ஆனால் படம் பார்த்தவர்களுக்கு ஞாபகம் இருப்பது இதுதான். கேமரா பெரிதாக எதுவும் செய்வதில்லை. இருட்டு, ஒரு முகம், ஒரு குரல். குரல் தாழ்கிறது, நிற்கிறது, பக்கத்தில் வருகிறது. 1966-இல் மைக் முன்னால் நின்ற ஆள்தான் அங்கே உட்கார்ந்திருக்கிறார். அவ்வளவு காலம் அடியாளுக்கும் திருடனுக்கும் கொடுக்கப்பட்ட ஜொல்லாப் பேச்சு, இங்கே திருட்டைக் கேள்வி கேட்டுச் செத்த ஒரு தொழிலாளிக்குப் போய்ச் சேர்கிறது. போங் இதைத் திட்டமிட்டாரா என்று எனக்குக் கவலையில்லை, திரையில் அது நடக்கிறது.

அந்தப் பாத்திரத்துக்குப் பெயரே 'காவலாளி பியோன்'தான். மூன்று வருடம் கழித்து 'மெமரீஸ் ஆஃப் மர்டர்' படத்தில் இவர் பெயர் கூ ஹீ-போங். 'தி ஹோஸ்ட்'டில் பார்க் ஹீ-போங். 'ஓக்ஜா'விலும் ஹீ-போங். இந்த நான்கு படங்களையும் எடுத்த போங், இந்த நடிகரை மனதில் வைத்துத்தான் எழுதினார் என்பதற்கு வேறு அத்தாட்சி வேண்டியதில்லை.

'மெமரீஸ் ஆஃப் மர்டர்' 1986-க்குப் பின் ஹ்வாசாங் பகுதியில் நடந்த தொடர் கொலைகளை வைத்து எடுத்த படம். பியோன் அதில் ஊர்க் காவல் நிலையத்தின் துப்பறியும் குழுத் தலைவர், பாதியிலேயே மாற்றப்பட்டுவிடுகிறவர். வேடிக்கை என்ன தெரியுமா? படத்தில் துப்பறிவாளர்களும் சந்தேகத்தின்பேரில் பிடித்து வந்த பையனும் சேர்ந்து உட்கார்ந்து கறுப்பு நூடுல்ஸ் சாப்பிட்டபடி டிவியில் 'சூசாபான்ஜாங்' பார்ப்பார்கள். எந்தத் தொடரில் குற்றவாளியாக வந்து வந்து போனாரோ, அந்தத் தொடரைப் பார்க்கிற போலீஸ்காரர்களுக்கு இப்போது இவர் மேலதிகாரி.

இன்னொரு காட்சி. ஆளின் கண்ணைப் பார்த்தே குற்றவாளியைச் சொல்லிவிடுவேன் என்று சோங் காங்-ஹோ நடித்த துப்பறிவாளர் பாத்திரம் பெருமையடிக்கும். தலைவரான பியோன், அறையின் மறுபக்கம் உட்கார்ந்திருக்கிற இரண்டு இளைஞர்களைக் காட்டுவார். ஒருவன் பெண்ணைக் கெடுத்தவன், இன்னொருவன் அவனைப் பிடித்து இழுத்துவந்த அந்தப் பெண்ணின் அண்ணன். யார் யார், சொல்லு பார்ப்போம். படம் விடையைச் சொல்லாமலே நகர்ந்துவிடும். மொத்தப் படமும் அந்தக் கேள்வியில் இருக்கிறது. அதைத் தத்துவம் மாதிரி சொல்லியிருந்தால் காட்சி செத்திருக்கும். பியோன் அதை அலுவலகத்தில் பொழுது போகாமல் விடுகதை போடுகிற மாதிரி சொல்லிவிட்டுப் போகிறார்.

'தி ஹோஸ்ட்' 2006-இல் வந்தது. சுமார் 4 கோடியே 80 லட்சம் மக்கள் இருந்த நாட்டில் 1 கோடியே 30 லட்சம் டிக்கெட் விற்றது. நதியிலிருந்து வந்த ராட்சத மிருகம் பேத்தியைத் தூக்கிப் போய்விடுகிறது. குடும்பம் தேடிப் போகிறது. நடுவில் ஓர் இரவு, கடைக்குள் எல்லோரும் ஒதுங்கியிருக்கிறார்கள். மூத்த மகன் காங்-டூ எப்போதும் தூங்கிவழிகிற உதவாக்கரை, இப்போதும் தூக்கம்தான். அப்பா மற்ற இரண்டு பிள்ளைகளிடம் அவனுக்காகப் பரிந்து பேசுகிறார். சின்ன வயதில் இவன் கெட்டிக்காரன். அம்மா இல்லாத பிள்ளை. நான் குடித்துவிட்டு ஊர் சுற்றிக்கொண்டிருந்தேன். பசிக்கு வயலில் திருடித் தின்று அடி வாங்கினான். சத்தில்லாமல் வளர்ந்ததால்தான் இப்படித் தூங்குகிறான். பிள்ளையை இழந்த தகப்பனின் வயிறு எப்படி அழுகி நாறும் என்று உங்களுக்குத் தெரியுமா என்று கேட்கிறார். கேட்க வேண்டிய இரண்டு பேரும் தூங்கிப்போய்விட்டார்கள்.

நாம் சிரிக்கிறோம். சிரித்துக்கொண்டே கண் கலங்குகிறோம். ஏன்? இந்த அப்பா இதற்கு முன்னால் பலமுறை இதைச் சொல்லியிருக்கிறார், பிள்ளைகள் பலமுறை தூங்கியிருக்கிறார்கள் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. ஐந்து நிமிடக் குற்றவாளிக்கு ஒரு முழு வாழ்க்கையைக் கொடுக்கப் பழகிய ஆள், இங்கே ஒரு குடும்பத்தின் நாற்பது வருடத்தை ஒரே பேச்சில் கொண்டுவந்து வைத்துவிடுகிறார்.

அடுத்து மிருகம் வருகிறது. மழை. அப்பா துப்பாக்கியோடு துரத்துகிறார். ஒரு குண்டு மிச்சம் இருக்கிறது என்று காங்-டூ தப்பாகக் கணக்கு வைத்திருக்கிறான். அப்பா குறிபார்த்து விசையை அழுத்துகிறார், ஒன்றுமில்லை. திரும்பிப் பிள்ளைகளைப் பார்க்கிறார். கையை அசைக்கிறார், போங்கள் போங்கள் என்று. கத்தவில்லை, திட்டவில்லை. குரலையே முதலாக வைத்து நாற்பது வருடம் பிழைத்த நடிகரின் ஆகச் சிறந்த தருணத்தில் வசனம் கிடையாது. அந்த வருட இறுதியில் கொரியாவின் புளூ டிராகன் திரைப்பட விருது விழாவில் சிறந்த துணை நடிகர் விருது அவருக்குத்தான் போனது. 64 வயது.

போங் படங்களை மட்டும் சொன்னால் அநியாயம். 2005-இல் 'கிரையிங் ஃபிஸ்ட்' படத்தில் சிறைக்குள் பையன்களுக்குக் குத்துச்சண்டை சொல்லிக்கொடுக்கிறவராக வருவார், குறைவாகப் பேசி நிறையச் செய்திருப்பார். 2008-இல் 'தி டெவில்ஸ் கேம்' படத்தில் கிட்டத்தட்ட நாயக வேடம். ஏழை ஓவியனோடு பந்தயம் கட்டி அவன் உடம்பைத் தனதாக்கிக்கொள்கிற பணக்காரக் கிழவர். உடம்பு மாறிய பிறகு கிழ உடம்புக்குள் சிக்கிய இளைஞனாக இவர் நடிக்க வேண்டும். படம் சுமார்தான், இவருக்காக ஒருமுறை பார்க்கலாம். தொடர் ரசிகர்களுக்கு 'மை கேர்ள்ஃபிரெண்ட் இஸ் எ நைன்-டெய்ல்டு ஃபாக்ஸ்' தாத்தாவும் 'பினோக்கியோ' தாத்தாவும் ஞாபகம் இருக்கும். தாத்தா வேடங்கள் வரிசையாக வந்தன. வயதான நடிகருக்கு உலகம் முழுக்க இதே விதிதான் போலிருக்கிறது.

'ஓக்ஜா' தாத்தாவை மட்டும் அந்த வரிசையில் சேர்க்க முடியாது. அவர் பேத்தியிடம் பொய் சொல்கிறவர். ஓக்ஜா என்ற அந்தப் பன்றிக்குச் சொந்தக்கார நிறுவனத்திடம் பணம் கட்டி அதை வாங்கியாயிற்று என்று நம்பவைத்திருக்கிறார். நிறுவனம் விற்க மறுத்ததும் அந்தக் காசுக்குத் தங்கத்தில் ஒரு பன்றிப் பொம்மை வாங்கிவிட்டார், பேத்தியின் கல்யாணச் செலவுக்கு ஆகுமே என்று. நல்லவரா, கெட்டவரா? ஏழைக் கிழவர் கணக்கு அது. பியோன் அவருக்காக மன்னிப்பும் கேட்கவில்லை, அவரைக் காட்டிக்கொடுக்கவும் இல்லை.

2017 மே மாதம் அந்தப் படம் கான் திரைப்பட விழாவில் போட்டிப் பிரிவில் திரையிடப்பட்டது. நெட்ஃபிளிக்ஸ் படம் கானுக்கு வரலாமா என்று பிரெஞ்சுத் திரையரங்குக்காரர்கள் சண்டை போட்ட வருடம் அது. பத்திரிகையாளர் காட்சியில் படத்தைத் திரைக்குப் பொருந்தாமல் ஓட்டி, நிறுத்தி, மறுபடி போட்டார்கள். இந்த அமளிக்கு நடுவில் 74 வயதுக்காரர் கொரிய நிருபர்களிடம் பேசினார். இப்படி ஒரு நாள் வரும் என்று கனவுகூடக் கண்டதில்லை என்றார். சாய்ந்துபோன பட்ட மரத்தில் பூ பூத்த மாதிரி இருக்கிறது என்றார். அதோடு நின்றிருந்தால் வழக்கமான தன்னடக்கம் என்று விட்டிருக்கலாம். இனி நான் என்ன செய்யப்போகிறேன் என்று பொறுத்திருந்து பாருங்கள், சாகும் வரை நடிப்பேன் என்றும் சேர்த்துச் சொன்னார். பசியுள்ள யூ ஜா-குவாங் உள்ளே எங்கோ உயிரோடுதான் இருந்திருக்கிறார்.

ஆனால் உடம்பு விடவில்லை. அடுத்து ஒரு தொடருக்கு முன்பு செய்துகொண்ட மருத்துவப் பரிசோதனையில் கணையத்தில் புற்றுநோய் என்று தெரிந்தது. சிகிச்சை எடுத்து மீண்டு வந்தார், 2019-இல்கூட திரையில் தோன்றினார். 2020-இல் அரசு அவருக்கு வெள்ளி மகுட கலாசார விருது கொடுத்தது. நோய் திரும்பியது. 2023 செப்டம்பர் 18 அன்று, 81 வயதில் இறந்துபோனார். அஞ்சலி செலுத்த வந்தவர்களில் போங் ஜூன்-ஹோவும் சோங் காங்-ஹோவும் இருந்தார்கள்.

சரி, நேரமாகிவிட்டது. இப்போது திரையிடப்போவது நான் சொன்ன அந்தத் தோல்விப் படம், 'பார்க்கிங் டாக்ஸ் நெவர் பைட்'. ஒரு எச்சரிக்கை: படத்தில் நாய்களுக்கு நேர்வது பார்க்கச் சங்கடமாக இருக்கும். தாங்காது என்கிறவர்கள் வெளியே போய் டீ குடித்துவிட்டு வரலாம், தப்பில்லை. பாய்லர் கிம் கதை வரும்போது கதவோரம் உட்கார்ந்திருக்கிற தம்பியிடம் சொல்லி உங்களைக் கூப்பிடச் சொல்கிறேன்.